பலகையில் எழுதிய தாயின் இனம்

எங்கள் மில்லில் இப்போது பாய்லருக்குள் இறங்குகிறவர்களின் பெயரைப் பலகையில் எழுதுவதில்லை. கைப்பேசியைக் காட்டினால் போதும்; யார் போனார், எப்போது வந்தார் என்று அதுவே பதிந்துகொள்கிறது. போன மாதம், புதிதாக வந்திருக்கும் இன்ஜினியர் கவிதா பழைய ஸ்டோரில் என் பட்டியல் நோட்டுகளைக் கண்டுபிடித்து, லோபாக்கில் என் வீட்டுக்கே கொண்டுவந்தாள்.

“அங்கிள், எல்லார் பேருக்கும் பக்கத்துல அப்பா பங்சா, அம்மா பங்சானு எழுதியிருக்கீங்களே. ஒரே ஒரு ஆளுக்கு மட்டும் அம்மா கட்டத்த கறுப்பா அடிச்சிருக்கு. யாரு அது?”

பங்சா என்றால் மலாயில் இனம். இந்த நாட்டில் பள்ளிக்கூட விண்ணப்பப் பாரத்திலிருந்து ஆஸ்பத்திரிப் பாரம் வரை அந்தக் கட்டம் இல்லாத தாளை நான் அதிகம் பார்த்ததில்லை. “அது ஒரு வெளிநாட்டு ஆளும்மா” என்று மட்டும் சொல்லி அவளை அனுப்பிவிட்டேன். வாயால் சொல்ல வரவில்லை, அதனால் எழுதுகிறேன். தோட்டத்துப் பள்ளியில் ஐந்தாம் வகுப்போடு நின்றவன் எழுத்து இது. எழுத்தில் பிழை இருக்கலாம். விஷயத்தில் இருக்காது.

என்னைப் பற்றி நானே சொன்னால்தான் உண்டு. கோலா சாவாப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தேன். பதினாறு வயதில் செம்பனை எண்ணெய் மில்லில் பழக்குலை வண்டி தள்ளினேன். பதினெட்டில் பாய்லருக்கு நார் அள்ளிப் போட்டேன். பாய்லர் ஓட்டும் பரீட்சையில் இரண்டு தடவை விழுந்து, மூன்றாம் தடவை எழுந்தேன். அன்று என்னோடு உட்கார்ந்த டிப்ளோமாக்காரர்கள் நாலு பேர். நாலு பேரும் பெயில், நான் மட்டும் பாஸ். பிறகு முதல் தரச் சான்றிதழ். ரெம்பாவ் வட்டாரத்தில் கண்ணாடிக் குழாயைப் பார்க்காமலேயே, சத்தத்தை வைத்துத் தண்ணீர் மட்டம் சொல்லக்கூடியவன் அந்தக் காலத்தில் நான் ஒருவன்தான். முப்பத்தெட்டு வருடத்தில் என் ஷிப்டில் ஒரு ஆளுக்கும் நகம் பெயர்ந்ததில்லை.

அந்தப் பட்டியலும் என் சொந்த மூளைதான். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஒப்பந்தக்காரர் கூட்டிவந்த ஒருவர் தொட்டிக்குள் இறங்கி மூச்சடைத்து இறந்துபோனார். அவர் யார், என்ன மதம் என்று ஒருவருக்கும் தெரியவில்லை. பூசாரியும் வந்தார், இமாமும் வந்தார். இரண்டு பேரும் வாசலிலேயே நின்று ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். உடல் மூன்று நாள் கிடந்தது. அன்றைக்கே முடிவு செய்தேன்: நான் தலைவனாகும் நாளில், எவன் உள்ளே போனாலும் அவன் அப்பா யார், அம்மா யார், எந்த பங்சா, எந்த சாமி என்று எழுதாமல் விடமாட்டேன். அப்படியே செய்தேன். மேலிடம் கேட்காத பட்டியல். அதில் ஒரு கட்டம் காலியாக இருந்ததில்லை. நோட்டில் எழுதியதை அப்படியே பாய்லர் ரூம் வாசலில் உள்ள வெள்ளைப் பலகையிலும் எழுதிவிடுவேன்.

நான் ஓய்வு பெறுவதற்கு மூன்று வருடம் முன்னால் ரவூப் சார் வந்தார். மில்லை வாங்கிய புதிய முதலாளி, பாய்லர் பராமரிப்புக்கென்று ஒரு வெளிநாட்டு இன்ஜினியரை வரவழைத்திருந்தார். அஜர்பைஜான்காரர். அப்படி ஒரு நாடு இருப்பதே எனக்கு அன்றுதான் தெரியும். அறுபதை நெருங்கிய மனிதர், கனத்த மீசை. கூடவே தீமூர் என்று ஒரு ஃபிட்டர், ஐம்பது வயதுக்காரன், அதே நாடு. இரண்டு பேரும் பன்னிரண்டு வருடமாகப் பல தேசம் சுற்றி ஒன்றாக வேலை பார்த்தவர்கள். ஒரே குவார்ட்டர்ஸில் தங்கினார்கள், ஒரே சட்டியில் சமைத்துச் சாப்பிட்டார்கள்.

ரவூப் சார் கத்தி நான் கேட்டதில்லை. நடுவில் இடுப்பு சிறுத்த ஒரு சின்னக் கண்ணாடிக் குவளையைத் துண்டில் சுற்றிப் பையில் வைத்திருப்பார். ஒரு கட்டி சர்க்கரையைப் பல்லில் கடித்துக்கொண்டு, அதன் வழியாகக் கறுப்புத் தேநீரை உறிஞ்சுவார். குழாயை உள்ளங்கையால் தொடமாட்டார், புறங்கைதான். சூடாக இருந்தால் கை தானாகப் பின்னால் போகும், பற்றிக்கொள்ளாது என்பார். எந்தக் கதவைத் திறக்கும் முன்பும் ஸ்பேனரால் மூன்று தட்டு தட்டி, தலையைச் சாய்த்துக் கேட்பார்.

“அண்ணே, ஒங்க சார் பாய்லருக்கு வைத்தியம் பாக்குறாரா, பாசார்ல தேங்கா வாங்குறாரா?” என்றான் முனியாண்டி. அவன் எனக்கு அடுத்த பாய்லர்மேன். வாய் சும்மா இருக்காது.

“சும்மா இருலா. ஒனக்கு ரெண்டும் தெரியாது.”

ஆனால் நானே மனதுக்குள் ஒத்துக்கொண்டேன்: என்னைவிட நன்றாகப் பாய்லரைக் கேட்கத் தெரிந்த ஒரே ஆள் அவர்தான்.

வருடாந்திரப் பரிசோதனை வந்தது. எங்களிடம் இரண்டு பாய்லர். ஒன்று ஓடிக்கொண்டே இருக்கும், மற்றொன்றை நிறுத்துவோம். நிறுத்தியதை மூன்று நாள் ஆறவிட்டு, தண்ணீரை வடித்து, மேல் டிரம் கீழ் டிரம் என்ற இரண்டு இரும்புத் தொட்டியின் கதவையும் திறந்து, காற்றாடி வைத்து ஊதுவோம். கீழ் டிரம்முக்குள் ஆள் படுத்துத்தான் போக முடியும். ஆபத்து அங்கேதான். இரண்டு பாய்லரின் கழிவுக் குழாயும் ஒரே குழாயில் சேருகிறது. ஓடுகிற பாய்லரிலிருந்து கொதிதண்ணீர் திரும்பி வந்தால், உள்ளே படுத்திருப்பவன் கறியாகிவிடுவான். அதனால் அந்தக் குழாய்களின் நாலு வால்வையும் சங்கிலியால் கட்டி, உள்ளே போகிறவன் தன் சொந்தப் பூட்டைப் போட்டு, சாவியைத் தன் சட்டைப் பையிலேயே வைத்துக்கொள்ள வேண்டும். வெளியே கதவருகே ஒரு காவலாள். அவன் எச்சில் துப்பக்கூட நகரக்கூடாது. உள்ளேயிருந்து கூப்பிட்டால் உடனே பதில் சொல்ல வேண்டும். எவர் பக்கமிருந்தும் பதில் வராவிட்டால் பத்து எண்ணிவிட்டு மணி அடிப்போம். கதவருகே பேச்சு மலாயில்தான். சுற்றி நிற்கும் எல்லாருக்கும் புரிய வேண்டுமே.

அந்த வருடம் கீழ் டிரம்மில் ஆறு டியூபின் வாய், அதாவது தண்ணீர்க் குழாய் டிரம்மில் சேரும் இடம், கசிந்தது. அவற்றை உருளைக் கருவி வைத்து உள்ளிருந்து விரித்து இறுக்க வேண்டும். அதில் தீமூர் கை தேர்ந்தவன். எப்போதும் அவன் உள்ளே, ரவூப் சார் கதவுக் காவல். வேலைக்கு முதல் நாள் மாலை நான் நோட்டை எடுத்துக்கொண்டு தீமூரிடம் போனேன்.

“அப்பா பங்சா?”

“அஜர்பைஜானி.”

“அம்மா?”

அவன் கையில் இருந்த உருளையைத் துடைத்துக்கொண்டே இருந்தான். “அதை விடு, அங்கிள்.”

“என் புக்குல காலியா விட்டதே இல்லப்பா. ஒனக்கு எதாச்சும் ஆயிட்டா நான் யாருக்குப் பதில் சொல்றது?”

அவன் சிரித்தான். சுற்றிலும் பார்த்தான், செம்பனை மரங்கள்தான் நின்றன. “ஆர்மேனியா,” என்றான் மெதுவாக. “உன் புக்கில் மட்டும்.”

நோட்டில் எழுதினேன். போகும் வழியில், முப்பது வருடப் பழக்கம், கை தானாகப் பேனாவை எடுத்துப் பலகையிலும் எழுதிவிட்டது. கொட்டை எழுத்தில். என் கையெழுத்து தூரத்திலிருந்தே தெரியும் என்று எல்லாரும் சொல்வார்கள்.

மறுநாள் காலை ஏழரைக்கு ரவூப் சார் அந்தப் பலகை முன்னால் நின்றுகொண்டிருந்தார். கையில் தேநீர்க் குவளை. பல்லில் சர்க்கரைக் கட்டி அப்படியே இருந்தது. அவர் குடிக்கவில்லை.

“யார் எழுதியது?”

“நான்தான் சார்,” என்றேன், பெருமையாகவே.

“அவனே சொன்னானா?”

“ஆமா சார். கேட்டேன், சொன்னான்.”

குவளையை பம்ப் மேடைமீது வைத்தார். செம்பனைக்குள் நடந்து போனார்.

“என்னாண்ணே எழுதுனீங்க? மனுசன் மொகம் சாம்பலாயிருச்சே!” முனியாண்டி ஓடி வந்து பலகையைப் படித்தான். போனை எடுத்துத் தட்டினான். அவன் முகமும் மாறியது. “அண்ணே… இவங்க நாட்டுக்கும் ஆர்மேனியாவுக்கும் முப்பது வருசமா போர்ணே. ஊர் ஊரா அழிஞ்சிருக்கு. ஒங்க போர்டு ஒரு ஆள முழுங்கிருச்சுண்ணே.”

உள்ளங்கையாலேயே பலகையை அழித்தேன். மை காய்ந்திருந்தது, முழுதாகப் போகவில்லை. தேய்த்துக்கொண்டிருக்கும்போதே பின்னால் தீமூர் வந்து நின்றான். பாதி அழிந்த எழுத்தைப் பார்த்தான். அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“பாக்கூவில் எங்கள் தெருவில் பாதிப் பேர் ஆர்மேனியர்கள்,” என்றான். “நான் பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது கலவரம் வந்தது. என் தாய்மாமன் குடும்பத்தைக் கப்பலில் ஏற்றிக் கடலுக்கு அந்தப் பக்கம் அனுப்பினார்கள். வீடு, பியானோ, எல்லாம் விட்டுப் போனார்கள். என் அம்மா போகவில்லை. பக்கத்து வீட்டு சகினா அக்கா, அவர் எங்கள் ஆள், அஜர்பைஜானி, என் அம்மாவை மெத்தை அடுக்குக்குப் பின்னால் பதினொரு நாள் ஒளித்து வைத்தார். பிறகு அப்பா அம்மாவின் பேரை மாற்றி, மலைநாட்டு முஸ்லிம் ஜாதி என்று சொல்லி வாழவைத்தார். செத்தும் அந்தப் பேர்தான். கல்லறைக் கல்லில் கூட ஆமினா என்றுதான் இருக்கிறது.”

“நீ வேற வேலைக்குப் போயிடலாம்பா…”

“வேலையா? என் மகளுக்குக் கல்யாணம் பேசி முடித்திருக்கிறது. மாப்பிள்ளை வீட்டார் அந்தப் போரில் ஊரை இழந்தவர்கள். ரவூப்பும் அதே ஊர். அவர் அங்கே ஒரு வார்த்தை சொன்னால் போதும்.” அவன் குவார்ட்டர்ஸுக்குப் போய்ப் பையைக் கட்டத் தொடங்கினான்.

நான் செம்பனைக்குள் ரவூப் சாரைத் தேடிப் போனேன். வெட்டிப் போட்ட மட்டைகள்மேல் உட்கார்ந்திருந்தார். காலில் விழுந்துவிடலாம் போலிருந்தது. இதுவரை நான் யார் காலிலும் விழுந்தவன் இல்லை.

“தப்பு என்னோடது சார். எங்க ஊர்ல எல்லாரையும் கேக்கறதுதான். அதுல இவ்வளவு இருக்கும்னு தெரியாது.”

அவர் இங்கிலீஷும் மலாயும் கலந்து பேசியதை எனக்குப் புரிந்தபடி தமிழில் எழுதுகிறேன்.

“என் தாத்தாவின் தாளில் ரஷ்யன் ‘தாத்தார்’ என்று எழுதினான். நாங்கள் அது இல்லை. பெரியப்பா தாளில் ‘துருக்கியன்’. பிறகு மேலேயிருந்து உத்தரவு வந்தது, இனி நீங்கள் ‘அஜர்பைஜானி’. அப்பாவுக்கு அது. ஒரே வயிற்றில் பிறந்த அண்ணன் தம்பி, தாளில் இரண்டு இனம்!” மட்டையிலிருந்து ஒரு நாரைக் கிழித்தார். “பேச்சு துருக்கிப் பேச்சு. தொழுகை ஈரான்காரனைப்போல. படிப்பு ரஷ்யப் படிப்பு. எழுத்தை மூன்று தடவை மாற்றினார்கள். தாத்தா எழுதியதை அப்பாவால் படிக்க முடியாது. அப்பா எழுதியதை என் மகளால் படிக்க முடியாது. எங்களில் பாதிக்கு மேல் அராஸ் ஆற்றுக்கு அந்தக் கரையில், ஈரானில் இருக்கிறார்கள். என் பெரியம்மா அந்தக் கரையில் இறந்த செய்தி ஒன்பது வருடம் கழித்து எங்களுக்கு வந்தது. நாங்கள் யார் என்று எங்களைத் தவிர எல்லாருக்கும் தெரிந்திருந்தது.”

என் அம்மா நினைவுக்கு வந்தாள். இந்த மண்ணிலேயே ரப்பர் வெட்டி, இந்த மண்ணிலேயே செத்து, கடைசிவரை குடியுரிமை இல்லாத சிவப்பு அட்டையோடு போனவள். அவளை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று தோட்டத்து ஆபீசில் கிராணி தலையைச் சொறிந்தது எனக்குத் தெரியும்.

“ரஷ்யர்கள் ஆண்டபோது பாஸ்போர்ட்டில் ஐந்தாவது வரி இனம்,” என்றார் ரவூப் சார். “பதினாறு வயதில் நீயே சொல்ல வேண்டும்: அப்பா இனமா, அம்மா இனமா. சொன்னதை எழுதிவிடுவான். அந்த நாடு போனது, அந்த வரியும் போனது என்று நினைத்தேன். கடல் தாண்டி இங்கே வந்து பார்த்தால், உன் பலகையில் நிற்கிறது.”

செருப்பால் அடித்ததுபோல் இருந்தது.

“என் ஊர் அக்தாம். ரொட்டிக்கென்றே ஒரு காட்சிசாலை வைத்திருந்த ஊர். போரில் போனது. தம்பியும் போனான். முப்பது வருடம் கழித்து நிலம் திரும்பிக் கிடைத்தது, போனேன். மசூதி நின்றது. கூரை உள்ள ஒரு வீடு இல்லை. அப்பாவின் கல்லறைக் கல்லைத் தேடினேன், அதுவும் இல்லை. சுற்றி நின்று அழுதவர்களைப் பார்த்தபோதுதான், நாங்கள் ஒரு ஜனம் என்பது எனக்கே உடம்பில் தெரிந்தது. அன்றைக்கு என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றவன் யார் தெரியுமா? தீமூர்.”

அவர் எழுந்தார். முழங்கால் சொடுக்கிட்டது.

“அவன் அம்மா இறந்தபோது பாடைக்கு நான் தோள் கொடுத்தேன். கல்லில் பேரைப் படித்து, அவள் ஆத்மாவுக்கு துவா ஓதினேன். நான் யாருக்கு ஓதினேன்? பன்னிரண்டு வருடம் என் ரொட்டியைச் சாப்பிட்டவன், இதைச் சொல்லவில்லை.”

“சார், அவனுக்குப் பொண்ணு கல்யாணம்…”

“தெரியும். மாப்பிள்ளையின் அப்பா என் பள்ளித்தோழன். சம்பந்தம் பேசியதே நான்தான்.”

அதற்குமேல் நான் என்ன கேட்பது? நாளைக்கு டியூப் வேலை உண்டா என்று மட்டும் கேட்டேன். “தெரியாது,” என்றார். அவரிடமிருந்து அந்த வார்த்தையை நான் அதற்கு முன் கேட்டதே இல்லை.

மறுநாள் காலை பலகையைத் துணியும் மண்ணெண்ணெயும் வைத்துத் துடைத்து, பெயர் மட்டும் எழுதினேன். நோட்டில் அந்தக் கட்டத்தைக் கறுப்பாக அடித்தேன். தீமூர் கட்டிய பையோடு வந்து, தன் உருளைகளைத் துணியில் சுற்றி மேடைமீது வைத்தான். கருவியை ஒப்படைத்துவிட்டுக் கிளம்புகிறவன் அப்படித்தான் வைப்பான்.

ரவூப் சார் வந்தார். தீமூரைப் பார்க்கவில்லை. டிரம் கதவருகே போய் ஸ்பேனரால் மூன்று தட்டினார், கேட்டார். பிறகு கைக்கடிகாரத்தைக் கழற்றினார், செருப்பைக் கழற்றினார். உருளைச் சுருளை எடுத்துக் கக்கத்தில் வைத்தார்.

“நான் உள்ளே,” என்றார் மலாயில். “அவன் காவல்.”

“சார், ஒங்க முழங்கால்…”

அவர் காதில் வாங்கவில்லை. நாலு வால்விலும் தன் பூட்டைப் போட்டார். போட்டுவிட்டு, சாவிக் கொத்தைத் தன் பையில் வைக்காமல் தீமூரின் கையில் வைத்தார். என் முப்பத்தெட்டு வருடத்தில் அப்படி ஒருவர் செய்து நான் பார்த்ததில்லை. யாரும் செய்யவும் கூடாது. பக்கத்து பாய்லர் முழு அழுத்தத்தில் இரைந்துகொண்டிருந்தது. நான் தடுக்கப் போனேன். முனியாண்டி என் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்தான். “விடுங்கண்ணே. ஒங்க சட்டமெல்லாம் நேத்தே பாத்தாச்சு.”

அந்தப் பருத்த உடம்பு அந்தச் சின்ன ஓட்டைக்குள் எப்படிப் போனதோ! முதலில் தோள், பிறகு இடுப்பு, கடைசியில் வெறும் பாதங்கள். தீமூர் சாவியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு கதவருகே மண்டியிட்டான்.

உள்ளே உருளை திரும்பும் சத்தம் கேட்டது. ஒரு டியூப். இரண்டு டியூப். சத்தம் நின்றது.

டிரம்முக்குள்ளிருந்து குரல் உருண்டு வந்தது. அவர்கள் பாஷையில் இல்லை. எங்கள் எல்லாருக்கும் புரியும் உடைந்த மலாயில்.

“தீமூர்! மா நாமா சியாப்பா?”

உன் அம்மாவின் பெயர் என்ன என்று கேட்கிறார்.

தீமூர் பதில் சொல்லவில்லை. நான் என்னை அறியாமல் எண்ணத் தொடங்கினேன். மூன்று. நாலு. அவன் வாய் திறந்து மூடியது. ஆறு. ஏழு. முனியாண்டி மணிக்கயிற்றைப் பிடித்துவிட்டான்.

“அனாஹித்,” என்றான் தீமூர்.

அவனுக்கே கேட்டிருக்காது. பக்கத்து பாய்லரின் இரைச்சல் அப்படி.

“லாகி!” என்றது உள்ளேயிருந்த குரல். இன்னொரு தடவை.

தீமூர் ஓட்டைக்குள் தலையை நுழைத்தான்.

“அனாஹித்!”

அந்தப் பெயர் டிரம்மின் மறுகோடி வரை போய், இரும்பில் மோதி, எங்களிடம் திரும்பி வந்தது. பிறகு உள்ளே ஒரு முணுமுணுப்பு கேட்டது. அது அரபு, இறந்தவர்களுக்கான துவா என்று எங்களுக்குத் தெரிந்தது. பக்கத்து மலாய்க் கம்போங்கில் இழவு வீடுகளில் கேட்டிருக்கிறோம். அதற்கு நடுவே அனாஹித் என்ற பெயர் எங்களுக்குத் தெளிவாகக் கேட்டது.

முடிந்ததும் மூன்றாவது டியூபில் உருளை திரும்பத் தொடங்கியது.